இறக்கிக் காட்டு

புருஷனின் இடது கை நடுங்கவில்லை, நடுங்குவது சட்டையின் கைதான், மலையிலிருந்து இறங்குகிற காற்று அதைப் பிடித்து ஆட்டுகிறது, அவ்வளவுதான் என்று டிபுவோ தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள், மறுபடி பார்த்தாள், ஆமாம், சட்டைதான்... இல்லை, சுண்டுவிரலும் கொஞ்சம். சுண்டுவிரல் மட்டும். அது ஒரு விஷயமா? ஹென்னி மாமாவுக்கு ஒரு விரலில் பாதியை மரமறுக்கும் இயந்திரம் தின்றுவிட்டது, அவர்தான் இந்தச் சுடுதளத்துக்கே தலைவர், அந்தப் பாதி விரலோடு இன்றைக்கும் சின்னப் பையன்களைத் தோற்கடிக்கிறார். கோட்டில் நிற்கிறவர் மொத்தூசி, அவள் புருஷன், இடுப்பு உறையில் பிஸ்டல், கண்ணில் மஞ்சள் கண்ணாடி, காதில் அவள் துடைத்துக் கொடுத்த காதுமூடி. அவருக்குப் பின்னால், கை நீட்டினால் தோளைத் தொடுகிற தூரத்தில் அவள், கையில் டைமர், உடம்பில் தள அதிகாரியின் சிவப்புச் சட்டை. காலையில் வந்து இறங்கியபோதே சோலி ஆரம்பித்துவிட்டான், "என்ன அக்கா, வியாழக்கிழமை சர்ச் சங்கத்துக்குப் போடற சட்டைய சனிக்கிழமையே மாட்டிக்கிட்டு வந்துட்டியா?" என்று, டாக்ஸி ஓட்டுகிறவன், வாய் ஹாரன் மாதிரி, நிறுத்தவே தெரியாது. "ஆமாண்டா, உனக்கு ஞானஸ்நானம் குடுக்கலாம்னு வந்தேன், பாவம் ரொம்ப சேந்துபோச்சாமே" என்றாள், எல்லோரும் சிரித்தார்கள், மொத்தூசியும் சிரித்தார், சிரிக்கும்போது இடது உதடு மட்டும் இன்னும் கொஞ்சம் பின்தங்கித்தான் வருகிறது, லேட்டாக வந்த விருந்தாளி மாதிரி. வரட்டும், வந்து சேர்ந்தால் போதும்.

வரவே வராது என்றுதானே ரஸ்டன்பர்க் ஆஸ்பத்திரியில் அந்தச் சின்ன டாக்டர் சொன்னான், நேரடியாகச் சொல்லவில்லை, "பாக்கலாம்" என்றான், டாக்டர்கள் பாக்கலாம் என்றால் அதற்கு என்ன அர்த்தம் என்று தெரியாதா? போன மழைக்காலத்துக்கு முன்னால், பிளாட்டினச் சுரங்கத்தில் வேலை முடிந்து வீட்டுக்கு வந்து, பூட்ஸைக் கழற்றக் குனிந்தவர் அப்படியே பக்கவாட்டில் சாய்ந்தார், இடது பக்கம் மொத்தமாகப் போய்விட்டது. முதல் சில வாரம் ஒரு ஸ்பூனைக்கூடத் தூக்க முடியவில்லை. ஆனால் வலது கையில் ஸ்பூனைக் கொடுத்தபோது பார்க்க வேண்டுமே, மற்ற விரலெல்லாம் ஸ்பூனைப் பிடித்திருக்க ஆள்காட்டி விரல் மட்டும் நீட்டிக்கொண்டு, விறைப்பாக, ஸ்பூனின் ஓரமாகப் படுத்திருந்தது. நர்ஸ் பயந்துவிட்டாள், "ஏன் அந்த விரல் மடங்கல? அதுவும் பாதிச்சிருக்கா?" என்றாள். டிபுவோ அழுகைக்கு நடுவே சிரித்துவிட்டாள். அது பாதிப்பு இல்லம்மா, அது பழக்கம். குறி பார்க்காதவரை விசையில் விரல் வைக்காத மனுஷன் அவர், அந்தப் பழக்கம் பிஸ்டலோடு நின்றால் பரவாயில்லையே, துளை போடுகிற மெஷினைப் பிடித்தாலும் விரல் நீளமாக வெளியேதான் இருக்கும், பெட்ரோல் குழாயைப் பிடித்தாலும் அப்படித்தான், தக்காளி சாஸ் பாட்டிலை எடுத்தாலும் அதன் வாய் ஆளில்லாத பக்கம்தான் திரும்பியிருக்கும், அந்தப் பக்கம் என்ன இருக்கிறது என்று ஒரு முறை பார்த்துவிட்டுத்தான் அமுக்குவார். கல்யாணமான புதிதில் இந்த மனுஷனுக்கு ஏதோ கோளாறு என்று அவள் தன் அக்காவிடம் சொல்லியிருக்கிறாள்.

"ஷூட்டர், நிரப்பி ரெடியாகு!" என்றாள். வீட்டில் நீங்க, வாங்க, லெசேகோ அப்பா. இங்கே மட்டும் ஷூட்டர், நிரப்பு, நில்லு. உலகத்திலேயே இந்தச் செம்மண் சதுரத்துக்குள் மட்டும்தான் அவரை ஒருமையில் விரட்டலாம், அவரும் "சரி ஆபீசர்" என்று பவ்யமாகச் சொல்வார், அந்தச் சுகத்துக்காகவே தள அதிகாரி பரீட்சையை இரண்டாம் தடவையும் எழுதி ஜெயித்தவள் அவள். முதலில் எல்லாம் சும்மா கூட வருவாள், மக்வின்யா சுட்டுக் கூடையில் எடுத்து வந்து விற்பாள், சூடான மாவு உருண்டைக்கு வரிசை நிற்கும்போது காதில் விழுந்த விதியெல்லாம் மண்டையில் ஏறிவிட்டது. சுடுவதில் அவர் பெரியவர், விதியில் அவள். இப்போது அவர் தோட்டா அடுக்கிய மேகஸினைப் பிஸ்டலின் பிடிக்குள் தள்ளினார், உள்ளங்கையால் கீழே ஒரு தட்டு, உட்கார்ந்துவிட்டது. அடுத்தது ஸ்லைடு, பிஸ்டலின் மேல்பாகம், அதைப் பின்னால் இழுத்து விட்டால்தான் தோட்டா உள்ளே ஏறும். இதுதான்... இதற்குத்தான் அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தாள். அந்த ஸ்பிரிங் பொல்லாதது, நல்ல கை உள்ளவனையே கேலி செய்யும். மொத்தூசி பிஸ்டலை நெஞ்சுக்குப் பக்கத்தில் கொண்டுவந்தார், குழல் மண்மேட்டைப் பார்த்தபடியே இருக்க, இடது கையால் ஸ்லைடைப் பிடித்துக்கொண்டு, இழுக்காமல், வலது கையை முன்னால் தள்ளினார், நல்ல கை தள்ளும், சோர்ந்த கை பிடித்துக்கொண்டிருந்தால் மட்டும் போதும், வீட்டுக் கொல்லையில் பிளாஸ்டிக் தோட்டா போட்டு எத்தனை சாயங்காலம் பழகியது இது... க்ளிக்-க்ளாக். ஏறிவிட்டது. பாதுகாப்புப் பொத்தான் மேலே. பிஸ்டல் உறைக்குள். கை தொங்கவிட்டு நின்றார். அவள் விட்ட மூச்சு காதுமூடிக்குள் அவளுக்கே புயல் மாதிரி கேட்டது.

ஆனால் இன்றைக்கு இது வெறும் மாதாந்திரப் போட்டி இல்லை, அவர்கள் மூன்று பேருக்கும் தெரியும், மூன்றாவது ஆள் ப்ளூம்ஃபொன்டைனில் இருக்கிற மகள் லெசேகோ. அவளும் நர்ஸ், எத்தனை கட்டில்களில் என்னென்ன பார்த்திருக்கிறாள், "அந்த பிஸ்டல வித்துத் தொலைங்கப்பா" என்று ஈஸ்டரிலிருந்து அரிக்கிறாள். கடைசியில் அப்பாவும் பெண்ணும் பேரம் பேசி ஒரு இடத்துக்கு வந்தார்கள்: திரும்பக் களத்துக்கு வந்து ஒரு முழுப் போட்டி, அதில் குறி தப்பினால் பரவாயில்லை, கடைசி ஆளாக வந்தால் பரவாயில்லை, ஆனால் பாதுகாப்பில் ஒரே ஒரு பிழை, ஒன்றே ஒன்று வந்தாலும் பிஸ்டல் வீட்டைவிட்டுப் போகும், லைசென்ஸைத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். "வாக்கு குடுங்க" என்றாள். கொடுத்தார். கூரை போட்டுத் தருகிறேன் என்று மொத்தூசி வாக்குக் கொடுத்தால் ஹென்னி மாமா மழையில்கூட வேறு ஆளைத் தேடாமல் காத்திருப்பார், அப்படிப்பட்ட வாக்கு. பிஸ்டல் போனால் இந்த மனுஷனிடம் என்ன மிச்சம்? சுரங்கத்து வேலை போயாயிற்று. சீட்டு ஆட மாட்டார், பீர் ஒன்றுக்கு மேல் குடிக்க மாட்டார், கால்பந்து பார்த்தால் தூங்கிவிடுவார். வாரம் பூராவும் இந்த ஒரு காலைக்காகத்தான் நாற்காலியில் உட்கார்ந்து ரப்பர் பந்தைப் பிசைந்தார், நூறு முறை, பிறகு இன்னும் நூறு முறை, முகத்தில் வேர்வை வழிய... அவள் அடுப்பிலிருந்து திரும்பிப் பார்க்காமலே பந்து நசுங்குகிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருப்பாள். ஐந்து சுற்றில் நான்கு முடிந்துவிட்டது. சுத்தமாக. இது கடைசி.

பீப் என்றது டைமர், அவர் கை உறைக்குப் போனது, அவசரமில்லாமல், சோலி மாதிரி பாம்பு கடித்தவன் வேகத்தில் இல்லை, ஒரு கதவைத் திறக்கிற மாதிரி எடுத்தார், குழல் உறையை விட்டு வந்ததும் நேராக முன்னால், இரண்டு கையும் சேர்ந்தது, இடது கட்டை விரல் வலது கட்டை விரலுக்கு அடியில் போய்ப் படுத்தது, டப், டப். முதல் குறி அட்டையில் இரண்டு ஓட்டை பக்கத்துப் பக்கத்தில். அவள் அட்டையைப் பார்க்கக்கூடாது, தள அதிகாரி பார்க்க வேண்டியது பிஸ்டலை, விரலை, குழல் போகிற திசையை, அட்டை எங்கேயும் ஓடிவிடாது. விரலைப் பார்த்தாள். நகரும்போது விரல் வெளியே வருகிறதா? வந்தது. நீளமாக, விறைப்பாக, ஸ்பூனில் படுத்திருந்த அதே விரல். என் கண்ணே. டப், டப், சரளைக்கல்லில் மெதுவாக நடந்தார், இடது கால் கொஞ்சம் இழுத்தது, இழுக்கட்டும், இரும்புத் தட்டு டிங்கென்று விழுந்தது, பின்னால் யாரோ விசில் அடித்தார்கள், சோலிதான், "ஆகட்டும் பெரியவரே, சூரியன் மறையறதுக்குள்ள முடிச்சிடலாம்!" என்று கத்தினான், எத்தனை தடவை சொல்வது, ஷூட்டர் கோட்டில் இருக்கும்போது வாயை மூடு என்று. ஒரு மேகஸின் மாற்றல், இதில் தவறு வந்தால்... வரவில்லை, பழையது கீழே விழுந்தது, புதியது ஏறியது, சுண்டுவிரல் நடுங்கியது, நடுங்கிக்கொண்டே வேலை செய்தது. கடைசி அட்டை. விசையை அவர் இழுப்பதில்லை, பிழிவார், பசுவின் காம்பைப் பிடிக்கிற மாதிரி என்று அவர் சொல்வார், எப்போது வெடிக்கும் என்று அவருக்கே தெரியாதபடி... டப். டப். முடிந்தது. முடிந்துவிட்டது! ஹடிடா பறவை ஒன்று மேலே கட்டைக் குரலில் கத்திக்கொண்டு போனது, அதுகூட அவளுக்குப் பாராட்டு மாதிரி கேட்டது.

"முடிஞ்சுதுன்னா இறக்கிக் காட்டு" என்றாள், தோட்டாவையெல்லாம் வெளியே எடுத்து, பிஸ்டல் காலி என்று அதிகாரிக்குத் திறந்து காட்ட வேண்டும். முதன்முதலில் இந்த மனுஷனை எங்கே பார்த்தாள்? இதே மாதிரி ஒரு கோட்டில், மக்வின்யா கூடையோடு அவள் கயிற்றுக்கு இந்தப் பக்கம், அவர் அந்தப் பக்கம், பிஸ்டலிலிருந்து மேகஸினை இறக்கினார், ஸ்லைடைச் சுண்டி இழுத்தார், உள்ளேயிருந்த தோட்டா வெயிலில் மின்னிக்கொண்டு தலைக்கு மேல் எழும்பியது, அதைப் பார்க்காமலே இடது கையை நீட்டிக் காற்றில் பிடித்தார். ஈயைப் பிடிக்கிற மாதிரி. திமிர் பிடித்தவன் என்று நினைத்தாள், அன்றைக்கே மாவு உருண்டை ஒன்று அதிகமாகப் போட்டாள். அந்த வித்தை சுடுதளம் பூராவும் பிரசித்தம், மொத்தூசி தோட்டாவைக் கீழே விட்டால் அன்றைக்கு மழை வரும் என்பார்கள். பக்கவாதம் வந்தபின் அதைப் பற்றி வீட்டில் ஒருவரும் ஒரு வார்த்தை பேசியதில்லை. கொல்லையில் பழகியபோதும் அதை அவர் முயலவில்லை, பிளாஸ்டிக் தோட்டா தானாகத் தரையில் விழும், அவள் பொறுக்கித் தருவாள். இப்போது அவர் பிஸ்டலை நெஞ்சுக்குக் கொண்டுவந்தார், தோளில் ஒரு அசைவு, அட, என்ன செய்யப் போகிறார், வேண்டாம், விழுந்தால் அவமானமாகப் போய்விடும், வேண்டாம் லெசேகோ அப்பா... ஒரு சுண்டல். தோட்டா எழும்பியது. வெயிலில் ஒரு பொறி. சோர்ந்த கை, ஸ்பூன் தூக்காத கை, ரப்பர் பந்துக் கை, போய், காற்றில், மூடிக்கொண்டது. பிடித்துவிட்டார்! பின்னால் கூச்சல், ஹென்னி மாமா தொப்பியைத் தூக்கினார், டிபுவோவின் கண்ணில் எல்லாம் கரைந்தது, மலை, அட்டை, மண்மேடு, அந்த மூடிய கை மட்டும் கரையாமல் நின்றது, அதைத்தான் பார்த்தாள், அது தோட்டாவைப் பாக்கெட்டில் போட்டது, மேகஸினைக் கழற்றிப் பெல்ட்டில் செருகியது, மறுபடி ஸ்லைடைப் பிடித்தது, எப்படி நடுங்குகிறது, எல்லாச் சக்தியையும் அந்த ஒரு சுண்டலில் கொட்டிவிட்டது போல, பாவம் என் கை, போதும், இனி ஓய்வெடு, அவர் பிஸ்டலை லேசாகச் சாய்த்து அவளுக்குக் காட்டினார், "காலி" என்றது அவள் வாய், "விசையை இழு, உறையில போடு."

மேகஸினை அவர் எப்போது கழற்றினார்? கேள்வி மண்டைக்குள் பாதி எழும்பியபோதே அவர் குழலை மண்மேட்டுக்கு நேராக வைத்து விசையை இழுத்தார்.

டப்.

மண்மேட்டில் ஒரு பிடி செம்மண் எழும்பி விழுந்தது. கூச்சல் நின்றது. குழல் அங்கேயே, மேட்டைப் பார்த்தபடியே இருந்தது, ஒரு அங்குலம்கூட அசையவில்லை, அந்த அளவுக்கு அவர் இன்னும் பழைய மொத்தூசிதான். ஆனால் அவள் பார்த்த முகம் அவருடையது இல்லை, ஆஸ்பத்திரிக் கட்டிலில் முதல் நாள் காலை பார்த்த முகம். "நிறுத்து" என்றாள். யாருடைய குரல் அது? "விரல் வெளிய. இறக்கிக் காட்டு." இப்போது பார்த்தாள். மண்டியிடாத குறையாகக் குனிந்து பார்த்தாள், மேகஸின் இல்லை, ஸ்லைடு முழுசாகப் பின்னால், தோட்டா அறையில் ஒன்றுமில்லை, உண்மையாகவே ஒன்றுமில்லை. அவளுக்கு எல்லாம் விளங்கியது, விளங்க என்ன இருக்கிறது, புதிதாக வருகிறவர்களுக்கு மொத்தூசியே சொல்கிற பாடம்தானே, முதல்ல தட்டை எடுத்துடு, அப்புறமா வாயத் தொறக்கச் சொல்லு, தட்டு எதிர்ல இருக்கும்போது வாயத் தொறந்தா இன்னொரு கவளம் உள்ள போயிடும் என்று. மேகஸின் முதலில், ஸ்லைடு பிறகு. சந்தோஷத்தில், அந்த வித்தையின் ஆசையில், தலைகீழாகச் செய்துவிட்டார், பிடித்த தோட்டா வெளியே வந்த கையோடு அடுத்தது உள்ளே ஏறிவிட்டது, அப்புறம் கழற்றிய மேகஸினால் ஒரு பயனும் இல்லை. காட்டும்போது களைத்துப்போன கை ஸ்லைடை விரல்கடை அகலம்தான் இழுத்தது, முழுசாக இழுத்திருந்தால் அந்தத் தோட்டாவும் வெளியே குதித்திருக்கும், சரி, இழுக்கவில்லை, அதற்குத்தானே ஒரு அதிகாரி, அதற்குத்தானே ஒரு சிவப்புச் சட்டை, இரண்டாவது ஜோடிக் கண் எதற்கு இருக்கிறது?

ஹென்னி மாமா நடந்து வந்தார், அவர் நடக்கும்போது சரளைக்கல் ஒவ்வொன்றாகக் கேட்டது. "மொத்தூசி" என்றார், "உனக்கே தெரியும்." "தெரியும். நான் போட்டிய விட்டு வெளிய" என்றார் மொத்தூசி. "காலின்னு சொன்னது நான், மாமா" என்றாள் டிபுவோ, "நான் பாக்கல." ஹென்னி மாமா பாதி விரலால் மூக்கைத் தேய்த்துக்கொண்டார், "விதி என்ன சொல்லுது? கடைசிப் பொறுப்பு ஷூட்டரோடது. உன்னைவிட நல்லா யாருக்குத் தெரியும்?" "விதியக் கேக்கல. நான் பாக்கலன்னு சொல்றேன்." அவர் உள்ளங்கையை நீட்டினார், அவள் டைமரை அதில் வைத்தாள். "ரெண்டு பேரும் போயி நெழல்ல உக்காந்து டீ குடிங்க. யாருக்கும் ஒண்ணும் ஆகல. மேடு வாங்கிக்கிச்சு, அதுக்குத்தான் அதக் கட்டி வெச்சிருக்கோம்" என்றார், போகிறபோக்கில் மொத்தூசியின் தோளில் ஒரு தட்டு, "குழல் அசையல, பாத்தேன்" என்றார். சோலி ரூயிபோஸ் டீயை இரண்டு கோப்பையில் கொண்டுவந்து வைத்தான், வாயைத் திறந்தான், மூடினான், போய்விட்டான். சோலி ஒன்றும் சொல்லாமல் போனதுதான் அவளுக்கு அழுகையை வரவழைத்தது.

பக்கியை, பின்னால் திறந்த சரக்குத் தட்டு உள்ள அந்தச் சின்ன வண்டியை, அவள் ஓட்டினாள். தட்டில் பூட்டிய பெட்டிக்குள் பிஸ்டல். இரண்டு பக்கமும் முள்மரம், தூரத்தில் சுரங்கத்தின் புகைபோக்கி, ஒரு ஆட்டுக்காரன், ஒரு பழக்கூடைக்காரி... அவர் ஃபோனை எடுத்து ஸ்பீக்கரில் போட்டபோது எதற்கென்று அவளுக்குத் தெரிந்தது, நாளைக்குச் சொல்லலாமே என்று வாய் வரை வந்தது. "லெசேகோ, அப்பா பேசறேன். சுட்டுட்டேம்மா. காலின்னு நெனச்சு." அந்தப் பக்கம் ஆஸ்பத்திரி வராந்தாவின் சத்தம். "யாருக்காவது...?" "மண்ணுக்குத்தான்." மூச்சு விட்டது இங்கே வரை கேட்டது. "அம்மா பாக்கலையா?" "அம்மா பாத்தாம்மா. நான்தான் ஒழுங்காத் தொறந்து காட்டல." பொய். பச்சைப் பொய், அதுவும் என் முன்னாலேயே, என் வண்டியிலேயே. "நான் பாக்கலடீ!" என்று டிபுவோ ஸ்டியரிங்கைப் பார்த்துக் கத்தினாள், "உங்கப்பன் பொய் சொல்றாரு, நான் பிஸ்டலையே பாக்கல!" "நீ ரோட்டப் பாரு" என்றார் அவர். "உலகத்துல புருஷன் பொண்டாட்டின்னா குத்தத்த அடுத்தவங்க தலையில கட்டுவாங்க" என்றாள் லெசேகோ, "நீங்க ரெண்டு பேரும் எனக்கு எனக்குன்னு புடுங்கிக்கறீங்க." யாரும் சிரிக்கவில்லை, சிரிப்பு பக்கத்தில் வந்து நின்றது. "அப்பா..." "சொல்லும்மா." "வாக்கு?" "வாக்குதான். திங்கக்கெழம போலீஸ் ஸ்டேஷன்ல பிஸ்டலயும் லைசென்ஸயும் குடுத்துட ஹென்னி கூட்டிட்டுப் போறேன்னுட்டான்." ஃபோனை மடியில் வைத்துக்கொண்டார். கொஞ்ச தூரம் போனதும், "ஆமா, பிஸ்டலப் பாக்கலன்னா வேற என்னத்தப் பாத்தே?" என்றார். அவள் கியரை மாற்றினாள். "உங்க கையத்தான்." அவர் தன் இடது கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார், யாருடையதோ போல. "புடிச்சிடுச்சு இல்ல?" என்றார் மெதுவாக. "புடிச்சிடுச்சு" என்றாள். பாக்கெட்டிலிருந்து அந்தத் தோட்டாவை எடுத்து அவள் பக்கத்தில் சில்லறை போடுகிற குழியில் வைத்தார், வண்டி குலுங்கும்போதெல்லாம் அது கிணுகிணுவென்று உருண்டது.

வீட்டுக்கு வந்ததும் அவள் அடுப்பைப் பற்றவைத்தாள், பசியில்லை, ஆனால் கை எங்கேயாவது இருக்க வேண்டுமே, சோள மாவைத் தண்ணீரில் கொட்டிக் கிளறினாள், கெட்டியாகும்வரை கிளறினாள். பின்னால் அவர் பிஸ்டலைத் துடைக்கிற வாசனை வந்தது, எண்ணெயும் கரியும், அவர் வாசனையே அதுதான். துடைத்த பிஸ்டலை அவளிடம் காட்டிவிட்டு வைக்கிற அந்த வழக்கம் எப்போது ஆரம்பித்தது? லெசேகோ வயிற்றில் இருந்தபோது. பயம். "என் கண்ணால பாக்காம அது பெட்டிக்குள்ள போகக்கூடாது" என்று அவள்தான் சட்டம் போட்டாள், அன்றிலிருந்து ஒவ்வொரு தடவையும் இரும்புப் பெட்டியில் வைப்பதற்கு முன்னால் அவர் ஸ்லைடைத் திறந்து அவளிடம் நீட்டுவார், அவள் விரலை உள்ளே விட்டே பார்ப்பாள், கர்ப்பிணிக்கு அவ்வளவு சந்தேகம். அப்புறம் விரல் நின்றது, கண் மட்டும். அப்புறம்... குழந்தை அழும், சட்டி தீயும், ஃபோன் அடிக்கும், கண்ணும் நின்றது, வாய் மட்டும் மிச்சம். அவர் பின்னால் வந்து நிற்பார், அவள் கிளறிக்கொண்டே "காலி" என்பாள். எப்போதிலிருந்து? ஞாபகம் இல்லை. இன்று கோட்டில் பேசியதும் அந்த வாய்தானே, அடுப்படி வாய்.

காலடி வந்து பின்னால் நின்றது. இடது கால் இழுக்கிற காலடி. அவள் அடுப்பை அணைத்தாள். கையைத் துடைத்துக்கொண்டு திரும்பினாள், முழுசாக. அவர் திடுக்கிட்டார், உண்மையிலேயே ஒரு அடி பின்னால் போனார், பிஸ்டலின் குழலைச் சுவர்ப்பக்கம் இன்னும் நன்றாகத் திருப்பிக்கொண்டு. ஸ்லைடு பின்னால் போய்ப் பூட்டியிருந்தது, மேகஸின் மேஜைமேல் தனியாக. அவள் பக்கத்தில் போய்ச் சுண்டுவிரலை உள்ளே விட்டாள், சில்லென்றிருந்தது, எண்ணெய் ஒட்டியது, விளிம்பில் ஒரு சின்னத் தேய்மானம் இருந்தது, இத்தனை வருஷம் இது அவளுக்குத் தெரியாது. "காலி" என்றாள். "காலி" என்றார் அவரும். ஆனால் போகவில்லை, அங்கேயே நின்றார், வழக்கமாக நிற்கிற அந்த ஒரு நிமிஷம்... ஆமாம், ஒவ்வொரு சாயங்காலமும் அவள் காலி என்று சொன்னபிறகும் அந்தக் காலடி உடனே நகராது, பெட்டியின் கதவுச் சத்தம் கொஞ்சம் தாமதித்துத்தான் கேட்கும், அவள் அதைப் பற்றி யோசித்ததே இல்லை, மெதுவான மனுஷன் என்று மட்டும் நினைத்திருந்தாள். அப்படியானால் அவருக்குத் தெரியும். அவள் பார்ப்பதில்லை என்று இத்தனை வருஷமாகத் தெரியும். தெரிந்துகொண்டே அவள் முதுகுக்கு நேராக அதைத் திறந்து நீட்டிக்கொண்டு நின்றிருக்கிறார், ஒரு நாள்கூட, "ஏய், திரும்பு" என்று சொல்லாமல். நின்று எதைப் பார்த்துக்கொண்டிருந்தார், அவளையா? செவ்வாய்க்கிழமை சாயங்காலம் பெட்டி காலியாக இருக்கும்போது, அவள் இங்கே கிளறிக்கொண்டிருக்கும்போது, கையில் ஒன்றும் இல்லாமல் வந்து நிற்பாரா, அதைக் கேட்கலாமா, கேட்டால் அந்தப் பின்தங்கிய உதடு சிரிக்குமா... அவர் பெட்டிப் பக்கம் திரும்பி நடந்தார், அவள் அடுப்பை மறுபடி பற்றவைக்காமல், திரும்பியவாக்கிலேயே, நின்றுகொண்டிருந்தாள்.